பீரோச்சாவியும் அதன் உடன்பிறப்புகளும்

கொங்குநாட்டு வீடுகளில் அடிக்கடி காதில் விழும் சொற்களுள் ஒன்று பீரோச்சாவி. நகை, நிலப்பத்திரம், ரேஷன் அட்டை, மஞ்சள் துணியில் முடிந்து வைத்த காணிக்கைக் காசு என்று எல்லாமே அந்த ஒரு சாவியின் பொறுப்பில் இருப்பதால், அது எங்கே வைக்கப்பட்டது என்ற கேள்வி எந்த வீட்டிலும் ஓய்வதில்லை. இவ்வளவு நெருக்கமான இந்தக் கூட்டுச்சொல்லில் தமிழ் என்று சொல்லத்தக்கது நடுவில் வரும் ஒற்று மட்டுமே. முன்பாதியான பீரோ பிரெஞ்சிலிருந்து வந்தது. முரட்டுக் கம்பளித் துணிக்கு வழங்கிய பெயர், அத்துணியை விரித்த மேசைக்கு ஆகி, மேசை இருந்த அலுவலகத்துக்கு ஆகி, நம்மிடம் வந்து இரும்பு அலமாரியில் நின்றுவிட்டது. பின்பாதியான சாவி போர்ச்சுகீசியம். இரண்டுக்கும் மேலே ஏறிப் போனால் லத்தீனில்தான் போய் நிற்க வேண்டும்.

பீரோவைப் பிறிதொரு நாளைக்கு வைத்துக்கொள்கிறேன். நான் எழுத நினைத்தது சாவியைப் பற்றி. கோவையில் பம்புசெட்டு ஏற்றுமதி செய்யும் இடமொன்றில் எனக்கு வேலை. தென்னமெரிக்காவுக்குப் போகும் பெட்டிகளுக்குள் வைக்கும் ஸ்பானிய, போர்ச்சுகீசிய விளக்கத்தாள்களை ஒப்பிட்டுப் பார்ப்பதும் அந்த வேலையில் அடங்கும். அத்தாள்களில் ஸ்பேனருக்கும் தண்ணீர்க்குழாய்த் திருகுக்கும் கதவுச் சாவிக்கும் ஒரே சொல் திரும்பத் திரும்ப வருவதைக் கண்டபிறகுதான், நம் சாவியின் சொந்தபந்தங்களைத் தேடிப் படிக்கத் தொடங்கினேன்.

லத்தீனில் சாவிக்குக் 'கிளாவிஸ்' என்று பெயர். ஆணியைக் குறிக்கும் 'கிளாவுஸ்', அடைத்தலைக் குறிக்கும் 'கிளௌதெரெ' ஆகியவை அதற்கு நெருங்கிய உறவு. இவை அனைத்துக்கும் பொதுவான பழைய வேரின் பொருள் கொக்கி அல்லது முளை என்று மொழிநூலார் கொள்கின்றனர். பல் வைத்துச் செதுக்கிய இன்றைய சாவியை மனத்தில் வைத்துக்கொண்டு பார்த்தால் இந்தப் பொருள் சற்றுப் பொருந்தாததாகத் தோன்றும். ஆனால் மிகப் பழைய சாவி என்பது கதவுத் துளைக்குள் விட்டு உட்பக்கத் தாழை இழுக்கும் வளைந்த கோல்தான். எங்கள் ஊர் மாரியம்மன் கோயிலின் பழைய கதவுக்கு அப்படியொன்று இருக்கிறது. முழங்கை நீளத்துக்குச் சற்றுக் கூடிய இரும்புக் கம்பி. பிடிக்கும் முனையில் ஒரு வளையம். மறுமுனை இரண்டு விரல் அளவுக்கு மடிந்திருக்கும். பூசாரி அதைத் துளைக்குள் விட்டு, கண்ணால் பார்க்க முடியாத தாழை உள்ளே தடவித் தேடி, மடங்கிய முனை அதில் மாட்டியதும் மணிக்கட்டை ஒரு சுற்றுச் சுற்றுவார். 'திறவுகோல்', 'தாழ்க்கோல்' என்ற தமிழ்ச் சொற்களில் கோல் ஏன் வந்தது என்பது அதைப் பார்த்தவர்களுக்கு விளக்க வேண்டியதில்லை. மலையாளத்தார் இன்றும் 'தாக்கோல்' என்றே சொல்லி வருகின்றனர். லத்தீன்காரரின் கொக்கியும் நம்முடைய கோலும் ஒரே கருவியைப் பார்த்துப் பிறந்த பெயர்கள்.

இடையில் ஒன்றைச் சொல்லிவிட வேண்டும். ஆங்கிலக் 'கீ' இந்தக் குடும்பத்தைச் சேர்ந்ததன்று. ஒலி சற்று ஒத்துப் போவதால் பலர் இரண்டையும் முடிச்சுப் போடுகிறார்கள். அந்தச் சொல்லின் பூர்வீகம் ஆங்கில அகராதிக்காரருக்கே தெளிவாகத் தெரியாத ஒன்று.

லத்தீன் பேச்சுமொழி சிதைந்து பல மொழிகளாகப் பிரிந்தபோது, பெரும்பாலான பெயர்ச்சொற்கள் எழுவாய் வடிவத்திலிருந்து இறங்கவில்லை. செயப்படுபொருள் வடிவத்திலிருந்தே இறங்கின. ஆகவே நாம் பின்தொடர வேண்டிய வடிவம் 'கிளாவெம்'. இறுதி மகரம் முன்னமே தேய்ந்துவிட்டது. மீதமுள்ள 'கிளாவெ' இத்தாலியத்தில் 'கியாவெ' ஆயிற்று; ஸ்பானியத்தில் 'யாவெ'; போர்ச்சுகீசியத்தில் 'சாவெ'; பிரெஞ்சில் 'கிளே'; ஸ்பெயினின் வடகிழக்கில் பேசப்படும் கத்தலானில் 'கிளௌ'; ருமேனியத்தில் 'கேயெ'; சார்டீனியாத் தீவில் 'கிராயெ'. சுவிட்சர்லாந்து மலைப்பகுதியில் பேசப்படும் ரோமாஞ்சு மொழிதான் 'கிளாவ்' என்று ஏறக்குறையப் பழைய உருவிலேயே வைத்திருக்கிறது. இந்த வரிசையில் 'யாவெ', 'சாவெ', 'கேயெ' மூன்றையும் மட்டும் எடுத்து ஒருவரிடம் கொடுத்தால், ஒரே தாய் வயிற்றுப் பிள்ளைகள் என்று நம்ப மாட்டார்.

நம்பவைப்பது, இந்த மாற்றம் சாவிக்கு மட்டும் நேர்ந்ததன்று என்ற உண்மை. சொல்லின் முதலில் ககரமும் லகரமும் ஒட்டி வந்த இடத்தில் லகரம் மெல்ல அண்ணத்தை நோக்கி இளகி யகரத்தின் பக்கம் சாய்ந்தது. இத்தாலியர் அந்த லகரத்தை முழு யகரமாகவே ஆக்கிக் ககரத்தோடு சேர்த்துக்கொண்டனர். ஸ்பானிய மொழி பிறந்த காஸ்டில் பகுதியினர் ககரத்தைக் கைவிட்டு, இளகிய லகரத்தை மட்டும் வைத்துக்கொண்டனர். அதுவும் இன்று பெரும்பாலோர் வாயில் யகரமாகத்தான் ஒலிக்கிறது. போர்ச்சுகீசியரும் அவர்களுக்கு வடக்கே இருக்கும் கலீசியரும் இரண்டு ஒலிகளையும் ஒன்றாக உருக்கிச் சகரமாக்கினர். பிரெஞ்சும் கத்தலானும் ஒன்றையும் தொடவில்லை. இதே விதி பகர லகரத்துக்கும் பொருந்தும். மழைக்கு லத்தீனில் 'ப்ளூவியா', ஸ்பானியத்தில் 'யூவியா', போர்ச்சுகீசியத்தில் 'சூவா' என்று எழுத்தில் சகரத்தோடு தொடங்குவது, இத்தாலியத்தில் 'பியொஜ்ஜா', பிரெஞ்சில் 'ப்ளுயி'. நிறைந்தது, அழைத்தல், தீச்சுடர் ஆகியவற்றைக் குறிக்கும் சொற்களும் இந்தத் தடத்திலேயே நடக்கின்றன. ஒரு சொல்லின் போக்கைத் தெரிந்துகொண்டால் மற்றவற்றை ஊகிக்கலாம், பெரும்பாலும் தவறாது. தவறும் இடங்களும் உண்டு. சாவியை 'யாவெ' ஆக்கிய ஸ்பானியர் ஆணியை மட்டும் 'கிளாவோ' என்றே வைத்திருக்கின்றனர். போர்ச்சுகீசியரும் ஆணியைச் 'சாவோ' ஆக்காமல் 'கிராவோ' என்கின்றனர்.

கொங்குநாட்டில் வளர்ந்தவருக்கு இத்தகைய ஒலி மாற்றம் புதிதாகத் தோன்றக் கூடாது என்பது என் எண்ணம். கோவை, ஈரோட்டுப் பகுதிகளில் ஒரே தெருவில் தமிழும் கன்னடமும் தெலுங்கும் பேசும் குடும்பங்கள் தலைமுறை தலைமுறையாக வாழ்கின்றன. காதைக் கன்னடக்காரர் 'கிவி' என்கிறார்; தெலுங்கரும் நாமும் 'செவி' என்கிறோம். அவர்களுக்குத் தெரு 'கேரி', நமக்குச் சேரி. இகரத்துக்கும் எகரத்துக்கும் முன்னால் வந்த பழைய ககரம் தமிழில் சகரமாயிற்று, கன்னடத்தில் ஆகவில்லை. ஆனால் அடுத்து டகர, ளகர, ழகரங்கள் வந்தால் தமிழிலும் ககரம் அசையவில்லை. அதனால்தான் கெடு, கிளி, கிழி எல்லாம் அப்படியே இருக்கின்றன. தெலுங்கு அந்த விலக்கையும் மதிக்காமல் கெடுவைச் 'செடு' ஆக்கிவிட்டது. நூறு என்பதற்குரிய லத்தீன் 'கெந்தும்' சார்டீனியாவில் 'கெந்து' என்று ககரத்தோடு நிற்க, இத்தாலியத்தில் 'சென்தோ' ஆனதும் இந்த வகை மாற்றமே. மூன்று மொழியும் புழங்கும் கடைவீதியில் நின்று காது கொடுத்துக் கேட்பவருக்கு லத்தீன் குடும்பத்துக் கணக்குப் பாதி ஏற்கெனவே தெரியும்.

சாவிக்குக் கன்னடரும் தெலுங்கரும் சொல்லும் பெயர்கள் தனிச் சுவை உடையவை. கன்னடத்தில் 'பீகத கை', அதாவது பூட்டின் கை. தெலுங்கில் 'தாளம் செவி', அதாவது பூட்டின் காது. கைக்காவது பொருள் புரிகிறது. பூட்டுக்குள் நுழையும் பொருளைக் காது என்று ஏன் அழைக்க வேண்டும் என்று யோசித்தால், போர்ச்சுகீசியச் 'சாவெ' தெலுங்குக் காதில் விழுந்து செவியாகிவிட்டதோ என்ற ஐயம் எழாமல் இராது. ஐயம் என்ற அளவோடு அதை நிறுத்திக்கொள்கிறேன்.

ககர லகரம் பிளவுபட்ட விதத்தைப் போலவே நடுவில் இருந்த வகரத்தின் கதையும் மொழிக்கு மொழி வேறுபடுகிறது. ருமேனியத்திலும் சார்டீனியத்திலும் அது இரண்டு உயிர்களுக்கிடையே கரைந்தே போயிற்று. பிரெஞ்சில் சொல்லின் இறுதிக்கு வந்துவிட்ட வகரம் வன்மை பெற்று 'கிளெஃப்' ஆயிற்று. பன்மையில் இறுதிச் சகரம் சேர்ந்தபோது அந்த ஃபகரம் ஒலிக்காமல் விழுந்தது. பிறகு பன்மையைப் பார்த்து ஒருமையும் அதை உதறிக் 'கிளே' ஆயிற்று. எழுத்தில் இரண்டு வடிவங்களும் இன்றும் செல்லும். இசைக்குறியீட்டில் வரிகளின் தொடக்கத்தில் இடும் சுருண்ட அடையாளத்தை ஆங்கிலேயர் 'கிளெஃப்' என்று அழைப்பது, பிரெஞ்சுக்காரரின் பழைய உச்சரிப்பைப் பிடித்துவைத்துக் கொண்டிருப்பதுதான்.

போர்ச்சுகலின் வட எல்லையில் 'சாவெஸ்' என்று ஓர் ஊர் உண்டு. அம்மொழியில் சாவிகள் என்று பொருள் தரும் பெயர் அது. எல்லை ஊர் ஆகையால் நாட்டின் சாவி என்று யாரும் விளக்கம் சொல்லிவிடக் கூடும். உண்மையில் அது ரோமானியர் காலத்து வெந்நீர் ஊற்று ஊர். பிளாவிய அரசமரபின் பெயரால் 'அகுவெ ஃப்ளாவியே' என்று அழைக்கப்பட்டது. ஃபகர லகரமும் போர்ச்சுகீசியத்தில் சகரமாகும் என்ற அதே விதிப்படி 'ஃப்ளாவியிஸ்' என்பது சாவெஸ் ஆயிற்று. சாவிக்கும் அவ்வூருக்கும் எழுத்தளவில்தான் ஒற்றுமை. நம் ஊர்ப்பெயர்களுக்குத் தலபுராணம் எழுதுகிறவர்கள் ஒருமுறை அங்கே போய்வரலாம்.

இப்படி மேற்குக் கரையோரம் உருவான சகரம்தான் கடலேறி நம்மிடம் வந்தது. 1498இல் வாஸ்கோ ட காமா கோழிக்கோட்டுக் கரையில் இறங்கினார். 1500இல் கொச்சியில் கால் வைத்த போர்ச்சுகீசியர், 1663இல் டச்சுக்காரரிடம் அதை இழக்கும்வரை அங்கே இருந்தனர். பதினாறாம் நூற்றாண்டில் அவர்கள் பேசிய மொழியில் இச்சொல் வல்லெழுத்துச் சகரத்தோடு, நாம் பச்சை, மிச்சம் என்னும்போது வரும் அந்த ஒலியோடு, 'ச்சாவெ' என்று ஒலித்தது. பின்னர் லிஸ்பன் பேச்சில் அந்தச் சகரம் ஷகரமாகத் தேய்ந்தது. இன்று லிஸ்பனில் இறங்கிக் கேட்டால் 'ஷாவ்' என்றுதான் காதில் விழும். வடகிழக்கு மலைநாட்டு ஊர்களில் முதியவர்கள் மட்டும் பழைய ஒலியை வைத்திருக்கின்றனர். கொங்கணியிலும் மராத்தியிலும் 'சாவி', இந்தியிலும் வங்கத்திலும் 'சாபி' என்று இந்தியா நெடுகப் பரவியிருப்பது அந்தப் பழைய ஒலியே. தமிழர் சொல்லின் முதலில் வரும் சகரத்தை மென்மையாக உச்சரிப்பதால் தனியே சொல்லும்போது அது மறைந்துவிடுகிறது. ஆனால் வண்டிச்சாவி, வீட்டுச்சாவி, பீரோச்சாவி என்று ஒட்டிச் சொல்லும்போது ஒற்று மிகுந்து, நானூறு ஆண்டுகளுக்கு முந்திய போர்ச்சுகீசிய ஒலி சிறிதும் பிசகாமல் வெளிவருகிறது. லிஸ்பன்காரர் தொலைத்ததை நம் சந்தி இலக்கணம் காத்து வைத்திருக்கிறது என்பதில் எனக்குக் கொஞ்சம் பெருமை உண்டு.

கடற்கரைக்கு அறிமுகமான சொல் உள்நாட்டுக்கு எப்படி வந்தது என்பதற்குக் கொங்குநாட்டவர் அதிகம் யோசிக்க வேண்டியதில்லை. மேற்குத் தொடர்ச்சி மலை பாலக்காட்டுக் கணவாயில் மட்டும் முப்பது கிலோமீட்டருக்கு மேல் வாய் திறந்து கிடக்கிறது. கொச்சிக் கரைக்கும் கோவைக்கும் நடுவே வண்டிப்போக்குவரத்து என்றும் நின்றதில்லை. அலமாரி, மேசை, சன்னல் ஆகியவையும் போர்ச்சுகீசியரிடமிருந்தே வந்தவை. மூன்றுக்கும் வேர் லத்தீன்தான். பூட்டு மட்டும் தமிழாக நின்றுவிட்டது. பூட்டு நம்முடையது, சாவி அவர்களுடையது என்று இரண்டும் சேர்ந்து ஒரு கதவில் தொங்குகின்றன. இதில் வியப்பு என்னவென்றால், கத்தோலிக்கத் திருச்சபையின் வழியாகப் போர்ச்சுகீசியச் சொற்கள் எத்தனையோ தமிழுக்குள் வந்திருக்க, பேதுருவுக்கு விண்ணுலகின் சாவிகள் தரப்படும் விவிலியப் பகுதியின் தமிழாக்கத்தில் மட்டும் திறவுகோல் என்ற தூய சொல்லே நிற்கிறது. வத்திக்கான் கொடியில் குறுக்காக வரைந்திருக்கும் பொன்னும் வெள்ளியுமான இரண்டு சாவிகளும் அந்தத் திறவுகோல்களே.

ஒலியைப் பற்றி இவ்வளவு போதும். பொருளைப் பார்த்தால், கதவைத் திறக்கும் கருவி என்பதில் எல்லா மொழியும் ஒத்துப் போகும். அதற்குப் பிறகு ஆளுக்கொரு திசை. என் மேசைக்கு வரும் விளக்கத்தாள்களில் 'யாவெ' என்று கண்டால் பக்கத்துச் சொல்லைப் பார்க்காமல் பொருள் கொள்ள முடியாது. 'யாவெ தெ பாசோ' என்றால் தண்ணீரை நிறுத்தும் வால்வு. 'யாவெ இங்லெசா', அதாவது ஆங்கிலச் சாவி என்றால், நம் பட்டறைகளில் ஸ்க்ரூ ஸ்பேனர் என்று சொல்லும், வாயைக் கூட்டிக் குறைக்கத்தக்க ஸ்பேனர். மெக்சிகோவில் வெறும் 'யாவெ' என்றாலே குழாய். ஸ்பெயினில் அதற்கு வேறு சொல். அர்ஜென்டினாவில் விளக்கைப் போடும் சுவிட்சும் 'யாவெ'. பிரேசிலுக்குப் போகும் தாளில் ஸ்க்ரூ டிரைவர் 'சாவெ தெ ஃபென்தா', பிளவுச் சாவி. கணினியில் நிரல் எழுதுவோர் இடும் நெளிந்த அடைப்புக்குறிகளும் ஸ்பானியத்தில் 'சாவிகள்' என்றே பெயர் பெறுகின்றன. மல்யுத்தத்தில் எதிராளியின் கையை முறுக்கி அசையவிடாமல் பிடிப்பதற்கும் ஸ்பானியர், பிரெஞ்சுக்காரர், போர்ச்சுகீசியர் எல்லாரும் சாவி என்றே பெயரிட்டிருக்கின்றனர். நம் சிலம்பக்கூடத்தில் அதே பிடிக்குப் 'பூட்டு' என்று பெயர். திறக்கும் கருவியின் பெயரை அடைக்கும் செயலுக்கு அவர்கள் எப்படி வைத்தார்கள் என்பது எனக்கு இன்னும் உறுத்திக்கொண்டேதான் இருக்கிறது. தமிழ்ப் பெயரே பொருத்தம் என்பது என் கட்சி.

ஸ்பேனருக்கு ஊர்ப்பெயர் வைப்பதில் ஐரோப்பியருக்குள் ஒரு வேடிக்கை. இத்தாலியர், ஸ்பானியர், போர்ச்சுகீசியர், பிரெஞ்சுக்காரர் ஆகிய நால்வரும் அந்தத் திருகு ஸ்பேனரை ஆங்கிலச் சாவி என்கின்றனர். ருமேனியர் அதைப் பிரெஞ்சுச் சாவி என்கின்றனர். ஆறுமுனைத் துளை கொண்ட போல்ட்டைத் திருகும் வளைகம்பிக்கு இவர்களுள் பலர் 'ஆலன் சாவி' என்று பெயர் சொல்ல, இத்தாலியர் மட்டும் தங்கள் நாட்டு உற்பத்தியாளரான புருகோலாவின் பெயரை அதற்கு இட்டிருக்கின்றனர். கோவையின் கணபதி, பீளமேட்டுப் பட்டறைகளில் அது 'ஆலங்கீ'. இங்கே கவனிக்க வேண்டியது ஒன்று உண்டு. வீட்டில் சாவி, வண்டியில் சாவி என்று புழங்குகிற நாம், பட்டறைக்குள் நுழைந்ததும் கீ என்கிறோம். தண்டையும் சக்கரத்தையும் பிணைக்கும் சிறு இரும்புத் துண்டு கீ. அதற்கு வெட்டிய பள்ளம் கீவே. லேத்தின் சக்கைத் திருகுவது சக்கு கீ. ஒரு லேத் ஓட்டுநரிடம் போய்ச் சக்குச்சாவி என்று கேட்டால் சிரித்துவிடுவார். போர்ச்சுகீசியச் சொல் வீட்டுக் கதவோடு நின்றுகொண்டதற்குக் காரணம், அது வந்தபோது இங்கே எந்திரப் பட்டறைகள் இல்லாமையும், பட்டறைகள் வந்தபோது ஆங்கிலம் கூடவே வந்தமையும்தான். பிரேசில்காரருக்கு அப்படி இரண்டு வழி இருக்கவில்லை. புதிதாக எந்தக் கருவி வந்தாலும் இருந்த சொல்லையே நீட்டிக்கொண்டனர்.

நீட்டிக்கொண்டே போனதில் ருமேனியர் வெகுதூரம் போய்விட்டனர். அவர்கள் மொழியில் சாவியின் பன்மை, இருபுறமும் செங்குத்துப் பாறை நெருக்கும் மலையிடுக்கைக் குறிக்கும். பிகாஸ் மலையிடுக்கும் தூர்தா மலையிடுக்கும் அங்கே 'சாவிகள்' என்றே நிலப்படத்தில் குறிக்கப்பட்டுள்ளன.

உடம்புக்குள்ளும் இச்சொல் புகுந்திருக்கிறது. 'கிளாவிகுலா' என்றால் சிறிய சாவி. கழுத்தடியில் தோளோடு சேரும் எலும்புக்கு அந்தப் பெயர் எல்லா ரோமானிய மொழிகளிலும் மருத்துவத்திலும் நிலைத்துவிட்டது. நாம் அதைக் காறையெலும்பு என்கிறோம். காறை என்பது கழுத்தில் அணியும் அணி. அந்த எலும்பு போய்ச் சேரும் இடத்துக்குத் தோள்பூட்டு என்று பெயர். லத்தீன்காரர் சாவி என்ற எலும்பு தமிழரின் பூட்டில் போய் முடிகிறது என்பது யாரும் திட்டமிட்டு வைத்ததன்று. அதே 'கிளாவிகுலா' பேச்சுவழக்கில் ஒரு லகரத்தை இழந்து முளை, ஆப்பு என்ற பொருளுக்கு இறங்கி, பிரெஞ்சில் 'ஷெவீய்' ஆகவும் இத்தாலியத்தில் 'கவீல்யா' ஆகவும் கணுக்காலைக் குறிக்கலாயிற்று. கணுக்காலின் இருபுறமும் புடைத்து நிற்கும் எலும்பைத் தொட்டுப் பார்த்தால் முளை என்ற எண்ணம் புரியும். கழுத்தடியும் கணுக்காலும் ஒரே சொல்லின் இரண்டு பிள்ளைகள். ஒன்று புலவர் வழி வந்தது, மற்றது உழவர் வழி வந்தது.

புலவர் வழி, உழவர் வழி என்ற இந்தப் பிரிவு ஸ்பானியத்தில் ஒரே சொல்லை இரண்டாக்கியிருக்கிறது. மக்கள் வாயில் உருண்டு வந்தது 'யாவெ'. ஏட்டிலிருந்து பிற்காலத்தில் எடுத்துக்கொண்டது 'கிளாவெ'. கடவுச்சொல், மறைகுறி, வளைவின் உச்சிக்கல், இசைக்குறி ஆகியவை இதன் பங்கு. கையால் தொடத்தக்கவை எல்லாம் முதலாவதற்கும், மனத்தால் தொடுபவை எல்லாம் இரண்டாவதற்கும் பெரும்பாலும் பிரிந்திருக்கின்றன.

கத்தலான் மொழியில் நடந்தது இதற்கு நேர்மாறு. சாவியும் ஆணியும் தேய்ந்து தேய்ந்து இரண்டும் 'கிளௌ' என்று ஒரே உருவத்தில் வந்து முட்டிக்கொண்டன. சாவி பெண்பால், ஆணி ஆண்பால் என்பதால் முன்னால் வரும் சிறுசொல்லைக் கொண்டுதான் அறிய வேண்டும். பால் வேறுபாடு அஃறிணையில் இல்லாத நமக்கும் இப்படியொரு மோதல் உண்டு. மானாவாரிக் காட்டில் சோளமும் கம்பும் விதைத்தவர்கள் "மழெ வாரலீங்க, கருதெல்லாஞ் சாவியாப் போச்சுங்க" என்று சொல்வது, மணி பிடிக்காமல் காய்ந்த கதிரை. சாதல் என்ற வினையிலிருந்து பிறந்த அசல் தமிழ்ச் சொல் அது. போர்ச்சுகீசியர் வருவதற்கு முன்பே இங்கே இருந்த சாவியும் அவர்கள் கொண்டுவந்த சாவியும் ஒரே எழுத்தில் ஒரே ஊரில் வழங்குகின்றன. இருந்தும் யாரும் குழம்பியதாகத் தெரியவில்லை. ஒன்று போகும், மற்றது தொலையும்.

சாவி யார் கையில் இருக்கிறது என்பது எங்கும் வீட்டு அதிகாரத்தின் அளவுகோலாக இருந்திருக்கிறது. ரோமில் மனைவியை விலக்குகிறவன் அவளிடமிருந்து சாவிகளைப் பிடுங்கிக்கொள்வான். ரோமானியத் தளபதி ஆண்டனி ஒரு நடிகையைக் கைவிட்டதை அவருடைய எதிரியும் பெரும் பேச்சாளருமான சிசரோ ஏளனம் செய்யும்போது, பழைய சட்டப்படி அவளிடம் சாவிகளை வாங்கிக்கொண்டு வெளியே அனுப்பினான் என்று சொல்கிறார். ரோமானியர் மோதிரத்தோடு ஒன்றாக வார்த்த சிறு சாவிகளை விரலில் அணிந்திருந்தனர்; அகழாய்வுகளில் அவை நிறையக் கிடைத்திருக்கின்றன. ஸ்பானியத்தில் பெரிய வீடுகளை நிர்வகிக்கும் பெண்ணுக்கு இன்றும் 'சாவிகளின் தலைவி' என்று பெயர். எங்கள் பக்கத்துத் தொட்டிக்கட்டு வீடுகளில் அது மாமியாரின் இடுப்புச் சுருக்குப்பைக்குள் இருந்தது. சுண்ணாம்பு டப்பாவும் பாக்கும் சில்லறையும் இருந்த அதே பைக்குள் நெல் அறையின் சாவியும் கிடக்கும். சுருக்குக் கயிற்றை இழுத்து அதை வெளியே எடுத்து மருமகளிடம் கொடுக்கும் நாள், கல்யாண நாளிலிருந்து எத்தனையோ வருடம் தள்ளித்தான் வரும். சில வீடுகளில் வரவே வராது.

தமிழர் இச்சொல்லுக்குச் சேர்த்த பொருள் ஒன்று உண்டு. கடிகாரத்துக்குச் சாவி கொடுக்கிறோம். பொம்மைக்குச் சாவி கொடுக்கிறோம். ஒருவன் தானாகப் பேசாத பேச்சைப் பேசினால் யாரோ சாவி கொடுத்து அனுப்பியிருக்கிறார்கள் என்கிறோம். சொல்லை நமக்குக் கொடுத்த போர்ச்சுகீசியர் இதற்குச் சாவியைப் பயன்படுத்துவதில்லை. அவர்களும் ஸ்பானியரும் கடிகாரத்துக்குக் 'கயிறு கொடுப்பவர்கள்'. ஒருவரைப் பேசத் தூண்டிவிடுவதற்கும் அவர்களிடத்தில் கயிறு கொடுத்தலே வழக்கு. அவர்கள் பார்த்தது உள்ளே சுருளும் நாணை. நாம் பார்த்தது வெளியே திருகும் கையை. பிரெஞ்சுக்காரரிடம் எனக்குப் பிடித்த வழக்கு 'வயல்வெளியின் சாவியை எடுத்துக்கொள்ளுதல்'. சொல்லாமல் கொள்ளாமல் ஓடிப்போவது என்று அதற்குப் பொருள். வேலியே இல்லாத வெளிக்குச் சாவி எதற்கு என்று கேட்கக் கூடாது.

அண்மைக்காலத்தில் கதவும் பூட்டும் இல்லாத இடங்களுக்கு இச்சொல் வேகமாகக் குடிபெயர்ந்து வருகிறது. நாம் பென்டிரைவ் என்பதைப் பிரெஞ்சுக்காரர் 'கிளே' என்றும் இத்தாலியர் 'சிறு சாவி' என்றும் அழைக்கின்றனர். பிரேசிலில் 2020 நவம்பரில் தொடங்கிய 'பிக்ஸ்' என்ற பணப்பரிமாற்ற முறையில், பணம் பெறுகிறவர் பதிந்து வைத்த தொலைபேசி எண்ணுக்கோ மின்னஞ்சலுக்கோ 'சாவெ' என்று பெயர். அங்குள்ள காய்கறிக்கடைக்காரர் தம் சாவியைச் சொன்னால் வாங்குகிறவர் பணம் அனுப்புவார். லத்தீனிலேயே சாவியால் பூட்டத்தக்க அறைக்குக் 'கொன்கிளாவெ' என்று பெயர் இருந்தது. 1268இல் தொடங்கிய போப்பாண்டவர் தேர்வு விதெர்போ நகரில் மூன்று ஆண்டுகளை நெருங்கும் அளவுக்கு இழுத்துக்கொண்டே போக, ஊரார் கர்தினால்களை உள்ளே வைத்துப் பூட்டினர். அங்கே தேர்வான பத்தாம் கிரகோரி 1274இல் அந்தப் பூட்டுதலையே விதியாக்கினார். இன்று கோவையில் கான்கிளேவ் என்று தட்டி வைத்து நடத்தும் தொழில் மாநாடுகளில் யார் வேண்டுமானாலும் எப்போது வேண்டுமானாலும் எழுந்து போகலாம். பெரும்பாலோர் மதியச் சாப்பாட்டோடு போயும்விடுகிறார்கள். மருத்துவமனைகளில் கத்தி, கத்தரிகளை நீராவியில் வைத்துத் தொற்று நீக்கும் ஆட்டோகிளேவும், தன் ஆவியின் அழுத்தத்தாலேயே தன்னைப் பூட்டிக்கொள்வது என்ற பொருளில் பிரெஞ்சில் கோத்த சொல். ஆக, கொங்குநாட்டுக்குக் கிளாவிஸ் ஒரு வழியாக மட்டும் வரவில்லை. போர்ச்சுகீசியர் வழியாகச் சாவியாகவும், ஆங்கிலத்தின் வழியாகக் கிளேவாகவும் வந்திருக்கிறது. ஆட்டோகிளேவைத் திறக்கும் செவிலியர் தம் வண்டிச்சாவியை அதே சொல்லாக எண்ணுவதற்கு வழியே இல்லை.

சாவியின் இடத்தைக் கீ பறித்துக்கொண்டு வருவதும் கண்கூடு. ஐந்தாறு ஆண்டுகளுக்கு முன்வரை எங்கள் அலுவலகத்துப் பையன்கள் வண்டிச்சாவி என்றுதான் சொல்லிக்கொண்டிருந்தனர். இப்போது பைக் கீ, கார் கீ. வீட்டுச்சாவி மட்டும் அசையவில்லை. பீரோச்சாவியைப் பீரோ கீ என்று சொல்லும் ஓர் ஆளை நான் இதுவரை கேட்டதில்லை. திறவுகோல் என்று மாற்ற வேண்டும் என்று வாதிடும் நண்பர்களிடம் எனக்கு மரியாதை உண்டு. ஆனால் சாவியைத் துரத்தினால் அந்த இடத்துக்குத் திறவுகோல் வராது, கீதான் வந்து உட்காரும். பட்டறைக்குள் ஏற்கெனவே அதுதானே உட்கார்ந்திருக்கிறது.